தோன் எவாரிஸ்தோவின் ஒரே மோர்சியா

மேசைக்கு அடியில் கால்களை மடக்கி உட்கார்ந்து அரைமணி நேரம் ஆகியிருந்தது. இடது கால் மரத்துப்போயிருந்தது. மடியில் வசனப் பிரதி. மேசைவிரிப்பு மூன்று பக்கமும் தரைவரை தொங்கியது. தோன் எவாரிஸ்தோ உட்கார்ந்திருந்த பக்கம் மட்டும், முந்தின நாளே நான் கத்தரியால் வெட்டி வைத்திருந்த ஒரு சாண் திறப்பு. அதன் வழியே நிமிர்ந்து பார்த்தால் அவர் முகம் எனக்குத் தெரியும். ஆரஞ்சு உரிக்கிற சாக்கில் அவர் குனிந்தால், என் உதடுகளும் என் சுட்டுவிரலும் அவருக்குத் தெரியும். கேமராவுக்கு, தலைகுனிந்து பழம் உரிக்கும் ஒரு தகப்பன். சன்னலருகே முதுகு காட்டி நின்றபடி, வீட்டைவிட்டுப் போகப்போவதாகச் சொல்லும் மகள். அவள் ஒவ்வொரு வாக்கியத்தையும் முடித்ததும் நான் விரலை மடக்குவேன். அவர் பேசுவார்.

மகளாக நடித்த நியேவெஸ் நான்காவது வாக்கியத்தில் இருந்தபோது, கண்ணாடிக் கூண்டுக்குள்ளிருந்து ஒலிப்பதிவாளர் வெளியே வந்தார். காதுகளை மூடியிருந்த கருவியைக் கழுத்துக்கு இறக்கிக்கொண்டார்.

"இந்த வீட்ல பேய் இருக்கு," என்றார். "அவர் பேசறதுக்கு முன்னாடியே அவர் வசனத்த அது பேசிடுது. பொம்பளக் குரல்."

பன்னிரண்டு வருடப் பழக்கம். என் உதடு அசைந்தால் கூடவே ஒரு மூச்சு வந்துவிடும். நாடக அரங்கில் அந்த மூச்சு முதல் வரிசையைக்கூடத் தாண்டாது. ஆனால் எங்கள் தலைக்கு மேல் தொங்கிய அந்த மைக், தேவாலயத்தில் முன்வரிசையில் உட்காரும் கிழவிகளைப்போல எல்லாவற்றையும் கேட்டது. இயக்குநர் குருசெத் வந்து மேசைவிரிப்பைத் தூக்கினார். பார்சிலோனாக்காரர், முப்பது வயதிருக்கும், எப்போதும் மெல்லிய குரல்.

"சென்யோரா பல்பினா," என்றார், "இங்க என்ன பண்றீங்க?"

"என் வேலையத்தான்," என்றேன். எழுந்திருக்க முயன்று மேசையில் தலையை இடித்துக்கொண்டேன். தளம் முழுவதும் சிரித்தது. உரத்துச் சிரித்தவன் ததேயோ. எங்கள் நாடகக் குழுவின் சிரிப்பு நடிகன், இந்தப் படத்தில் தபால்காரன்.

"நோட்டரிக்குப் பிரதி இல்லாம கையெழுத்து வராதுப்பா," என்றான் அவன், தோன் எவாரிஸ்தோவின் முதுகுக்குப் பின்னால். குழுவில் அவருக்கு வைத்திருந்த பட்டப்பெயர் அது. எழுதியதில் ஓர் எழுத்து கூடவோ குறையவோ விடமாட்டார் என்பதால்.

குருசெத் கோபப்படவில்லை. அதுதான் எனக்கு அதிகமாக வலித்தது. குனிந்து, நோயாளியிடம் கேட்பதுபோலக் கேட்டார். "தோன் எவாரிஸ்தோ, வசனம் மனசுல நிக்கலையா?"

அவர் ஆரஞ்சைத் தட்டில் வைத்தார். "அறுபத்திரண்டு வயசுப்பா. ஓட்டைப் பை," என்று நெற்றியைத் தட்டிக் காட்டினார்.

பொய். அந்தப் படத்தின் முழுப் பிரதியும் அவர் தலைக்குள் இருந்தது, தபால்காரனின் வசனம் உட்பட. முப்பது நாடகங்கள் எல்லாப் பாத்திரங்களோடும் அவருக்கு மனப்பாடம் என்பது எனக்குத் தெரியும். இல்லாதது வேறு. அவருக்குக் காது கேட்காது.

என்னைத் தளத்தைவிட்டு வெளியே நிற்கச் சொன்னார்கள்.

*

மேடையின் முன்விளிம்பில், பார்வையாளர்களுக்கு முதுகு காட்டி, சிப்பி வடிவத்தில் ஒரு சின்ன மரக்கூடு இருக்கும். அதை நாங்கள் சிப்பி என்றே சொல்வோம். அதற்குள் கழுத்துவரை புதைந்து உட்கார்ந்து வசனம் எடுத்துக் கொடுப்பதுதான் என் அப்பாவின் தொழில். அவர் இறந்த மறுவாரம் நான் அதற்குள் இறங்கினேன். அங்கிருந்து பார்த்தால் நடிகர்களின் செருப்பு அடிகளும் நாசித் துவாரங்களும்தான் முதலில் தெரியும். பெரிய மனிதர்களை அந்தக் கோணத்தில் பன்னிரண்டு வருடம் பார்த்தவளுக்கு யார்மேலும் எளிதில் மரியாதை வராது. எனக்கு ஒருவர்மேல் வந்தது.

தோன் எவாரிஸ்தோ பெனால்வா துதேலாவில் ஒரு நாவிதரின் மகன். பதினாறு வயதில், ஊருக்கு வந்த நாடகக் குழுவின் கதாநாயகனுக்குச் சவரம் செய்யப் போனவர், குழுவோடு கிளம்பிவிட்டார். நாற்பது வயதில் அவரைப் படம் பிடிக்க பார்சிலோனாவுக்குக் கூப்பிட்டார்கள். அப்போதெல்லாம் கூரை முழுவதும் கண்ணாடி போட்ட கூடத்தில், காலை வெயில் இருக்கும்வரைதான் படப்பிடிப்பு. துணியில் வரைந்த கோட்டைச் சுவர் காற்றில் படபடக்கும். ஜனவரி மாதம் துறைமுகத்துத் தண்ணீரில் குதிக்கச் சொன்னார்கள், குதித்தார். வெளிச்சம் போதவில்லை என்றார்கள், தலையைத் துவட்டிக்கொண்டு மறுபடியும் குதித்தார். ஊமைப்படங்களில் நடிப்பவர்கள் வாயை அசைத்தால் போதும், எதை வேண்டுமானாலும் பேசலாம். இவர் மட்டும் கதைக்குரிய வசனத்தைத் தானே எழுதி, மனப்பாடம் செய்து, முழுதாகப் பேசுவாராம். ஏன் என்று கேட்டவர்களிடம், "பொய் பேசினா கண்ணு காட்டிக் குடுத்துடும்," என்பாராம்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினெட்டில் வந்த பெரிய காய்ச்சலில் அவர் மனைவி போனாள். அவருடைய இடது காதும் போயிற்று. வலது காது மெல்ல மெல்ல, விளக்கின் திரியை இறக்குவதுபோல.

அதற்கு இரண்டு வருடம் கழித்து சரகோசாவில் மூன்று வாரம் நாடகம் போட்டோம். பக்கத்துத் தெருவிலேயே அவருடைய படம் ஒன்று ஓடிக்கொண்டிருந்தது. ஒருநாள் மதியம் என் அப்பா, அவர், நான் மூவரும் போனோம். எனக்குப் பத்தொன்பது வயது. மரணப்படுக்கைக் காட்சி. அரங்கே மூக்கை உறிஞ்சியது. அப்போது எங்களுக்கு முன்வரிசையில் பத்துப் பன்னிரண்டு இளம்பெண்கள் தோளை உலுக்கி உலுக்கிச் சிரித்தார்கள், சத்தமே இல்லாமல். இடைவேளையில் அவர் எழுந்துபோய் அவர்களோடு இருந்த ஆசிரியையிடம் காரணம் கேட்டார். அவர்கள் காதுகேளாதோர் பள்ளி மாணவிகள்.

"தப்பா நெனைக்காதீங்க ஐயா," என்றார் ஆசிரியை. "இவங்க உதட்டப் படிக்கிறவங்க. படுக்கைகிட்ட அழறாரே அந்தச் சித்தப்பா, 'மணி ரெண்டாச்சு, கொண்டைக்கடலை ஆறிப் போயிடும், சீக்கிரம் சாவுடா'ங்கறாராம்."

"நான் என்ன சொல்றேன்?"

ஆசிரியை பெண்கள் பக்கம் திரும்பினார். கைகள் வேகமாக அசைந்தன. அவர்களில் ஒருத்தி, முன்பல் சற்று எடுப்பானவள், அவரையே பார்த்துக்கொண்டு ஏதோ காட்டினாள்.

"இந்தப் படத்துல நீங்க ஒருத்தர்தான் கதைக்குள்ள இருக்கீங்களாம்," என்றார் ஆசிரியை.

மறுநாள் காலையிலிருந்து அவரைக் காணவில்லை. பிலார் மாதாவின் கோயிலுக்குப் பூசைக்குப் போவதாகச் சொன்னார். மனைவி போன துக்கத்தில் பக்தி வந்துவிட்டது என்று குழு பேசிக்கொண்டது. என் அப்பாவுக்கு மட்டும் தெரியும், அவர் அந்தப் பள்ளியின் கடைசி பெஞ்சில், பாதி வயதுகூட ஆகாத பெண்களுக்கு நடுவில் உட்கார்ந்து, முகம் பார்க்கும் கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு உதடுகளைப் படிக்கக் கற்கிறார் என்று.

அதற்குப் பிறகுதான் கர்வக்காரர் என்ற பெயர் அவருக்கு வந்தது. "என் மூஞ்சியப் பாத்துப் பேசு. சுவரோடயா குடும்பம் நடத்தற?" என்பார். எதிரில் இருப்பவர் நடுங்கித் திரும்புவார். பேசும்போது இடதுகையை விரித்து நெஞ்சின்மேல் வைப்பார். மத்ரித் இளம் நடிகர்கள் பாதிப் பேர் அந்தக் கையைக் காப்பியடித்தார்கள். அது அழகுக்காக வைத்த கை இல்லை. தன் குரல் எவ்வளவு உயர்ந்திருக்கிறது என்பதை அவர் அந்த எலும்பின் அதிர்வில்தான் அளந்தார். கைதட்டலை அளக்க நான் இருந்தேன். அவர் மேடையைவிட்டு வெளியேறும்போது எழும் கைதட்டல் சன்னமாக இருந்தால் சிப்பிக்குள்ளிருந்து ஒரு விரல் காட்டுவேன், நன்றாக இருந்தால் மூன்று, அரங்கம் அதிர்ந்தால் முழு உள்ளங்கை. அவர் ஓரக்கண்ணால் பார்த்துவிட்டுத் திரைக்குப் பின்னால் போவார். நான் ஒருநாளும் கூட்டிக் காட்டியதில்லை. காட்டினால் கண்டுபிடித்துவிடுவார்.

இந்த ஏற்பாட்டுக்கு ஒரே ஒரு எதிரி இருந்தது. மோர்சியா. பன்றி இரத்தத்தையும் வெங்காயத்தையும் குடலில் அடைத்துச் செய்கிற பண்டம் எல்லோருக்கும் தெரியும். நாடகக்காரர்களுக்கு அதே சொல்லில் இன்னொன்றும் உண்டு: பிரதியில் இல்லாததை நடிகன் நடுவில் சொந்தமாக அடைப்பது. கலஓர்ரா என்ற ஊரில் ஒரு மாலைக் காட்சி. பெண்கேட்டு வரும் மாப்பிள்ளை வேஷத்தில் ததேயோ, அன்று கூட்டம் நன்றாக இருந்த குஷியில், இல்லாத ஒரு வரியை அடைத்தான். "வர்ற வழியில உங்க கழுதைய வித்துட்டேன் மாமா," என்றான். என்னிடம் அந்த வரி இல்லை, எடுத்துக் கொடுக்க எதுவும் இல்லை. அவனோ கூட்டத்தைப் பார்த்துக்கொண்டு சொன்னான். தோன் எவாரிஸ்தோ நெஞ்சில் கைவைத்து, பிரதியில் இருந்த பதிலைக் கம்பீரமாகச் சொன்னார்: "உங்கள் தாயாரும் நலம்தானே?"

அரங்கு இரண்டு நிமிடம் சிரித்தது. அதைவிடப் பெரிய கிண்டல் அந்த ஊர் கேட்டதில்லை என்று நினைத்துக்கொண்டார்கள். அவர் மட்டும் வாய்பிளந்த நானூறு முகங்களைப் பார்த்துக்கொண்டு நின்றார், என்ன நடந்தது என்று தெரியாமல். மறுநாள் குழுவில் சட்டம் வந்தது: பிரதியில் இல்லாத ஒரு சொல்லும் மேடையில் வேண்டாம். ததேயோ அன்றுதான் அவருக்கு நோட்டரி என்று பெயர் வைத்தான்.

*

மதிய இடைவேளையில் அவர் தளத்துக்கு வெளியே, வெயிலில், கவிழ்த்த பெட்டிமேல் உட்கார்ந்து ரொட்டியும் முட்டைப் பொரியலும் சாப்பிட்டார். நான் எதிரில், வெளிச்சம் என் வாயில் விழும்படி உட்கார்ந்தேன்.

"சொல்லிடலாம்," என்றேன். "குருசெத் நல்ல மனுஷன். உங்கள அந்தப் பொண்ணு முகத்தப் பாக்கற மாதிரி உக்கார வெச்சிடுவார்."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன. படம் முடியும்."

"அடுத்த படம்?" அவர் ரொட்டித் துணுக்குகளை மடியிலிருந்து தட்டினார். "பல்பினா, ஞாபகம் இல்லாத நடிகனுக்கு வேஷம் குடுப்பாங்க. குடிகாரனுக்குக் குடுப்பாங்க. செவிடனுக்குக் கைதட்டுகூடக் குடுக்க மாட்டாங்க, கேக்கவா போகுதுன்னு."

எனக்குச் சிரிப்பு வந்தது. அவருக்கும். எங்கள் குழு கலைந்து ஒரு வருடம் ஆகியிருந்தது. ஊர் ஊராக நாடக அரங்குகளில் வெள்ளைத் திரை மாட்டிவிட்டார்கள். சிப்பிகளைப் பெயர்த்தெடுத்து மூடி போட்டுவிட்டார்கள். அவருக்கு எஞ்சியிருந்தது இந்தத் தகப்பன் வேஷம் ஒன்றுதான்.

"எண்ணிக்கறேன்," என்றார். "அவ மூச்சு எனக்குத் தெரியும். மொத வரிக்குப் பன்னெண்டு, ரெண்டாவதுக்கு ஒம்போது. கட்டைவிரல செருப்புக்குள்ள அடிச்சா யாருக்குத் தெரியும்?"

மதியத்துக்குமேல் அப்படித்தான் செய்தார். தளத்தின் கதவை ஒரு விரல்கடை திறந்து வைத்து நான் பார்த்தேன். முதல் தடவை நியேவெஸ் அழுகை வந்து நடுவில் நின்றாள், அவர் அவளுடைய சொல்லின்மேல் ஏறிப் பேசிவிட்டார். "அவ முடிக்கட்டும், தோன் எவாரிஸ்தோ," என்றார் குருசெத். இரண்டாம் தடவை அவள் சீக்கிரம் முடித்துவிட்டாள். ஆரஞ்சுத் தோல் மட்டும் சுருண்டுகொண்டே போயிற்று. யாரோ இருமினார்கள். மூன்றாம் தடவை மறுபடி முந்திக்கொண்டார். ஒலிப்பதிவாளர் கூண்டுக்குள்ளிருந்து இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினார்.

குருசெத் உதவியாளரை அழைத்துக்கொண்டு தளத்தின் மறுகோடிக்குப் போனார். இருபது அடி தூரம், விளக்குத் தூண்களுக்குப் பின்னால். யாருக்கும் கேட்காத குரலில் பேசினார்கள். அங்கே நின்ற எவருக்கும் கேட்டிருக்காது. ஆனால் விளக்கு அவர்கள் முகத்தில் விழுந்தது. தோன் எவாரிஸ்தோ அவர்களையே பார்த்துக்கொண்டிருந்தார். கதவிடுக்கில் நானும் குருசெத்தின் உதடுகளைப் பார்த்தேன். பன்னிரண்டு வருடம் அவரோடு இருந்ததில் எனக்கும் கொஞ்சம் வரும்.

வலென்சியாவில் ஒருத்தர் இருக்கார். பெரிய நடிகர் இல்ல. ஆனா நாளைக்கே வருவார்.

நான் கதவை இன்னும் கொஞ்சம் திறந்தேன். உள்ளே ஓடிப்போய் எல்லாவற்றையும் சொல்லிவிடுவது என்று முடிவு செய்திருந்தேன். அவர் என்னைப் பார்த்தார். தலையை ஒரு முறை, மிக மெதுவாக, இடவலமாக அசைத்தார். பிறகு எழுந்தார்.

"சென்யோர் குருசெத். இன்னும் ஒரு தடவை. இந்தத் தடவை நான் உக்காந்திருக்க மாட்டேன்."

குருசெத் திரும்பி வந்தார். "பிரதியில நீங்க எழுந்திரிக்கிறதே இல்லையே."

"இல்ல," என்றார் தோன் எவாரிஸ்தோ. "இது மோர்சியா."

விளக்குக்காரர்கள் சிரித்தார்கள், அவர்களுக்கு அது சாப்பிடுகிற பண்டம். நாடகத்திலிருந்து வந்தவர்கள் யாரும் சிரிக்கவில்லை. ததேயோ தபால்காரன் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டான்.

விளக்குகள் எரிந்தன. நியேவெஸ் சன்னலைப் பார்த்து நின்றாள். அவர் மேசையில் உட்கார்ந்து ஆரஞ்சில் நகத்தைப் பதித்தார். அவள் தோள் அசையக் கண்டதும் எழுந்தார். பாதி உரித்த பழம் வலதுகையில், தோல் நீளமாகத் தொங்க, அந்த அறையைக் கடந்தார். அறுபத்திரண்டு வருடங்களும் அந்த ஆறு எட்டுகளில் இருந்தன. வேகமாகவும் இல்லை, தயங்கவும் இல்லை. மகள் போகப்போகிறாள் என்று தெரிந்த மனிதன் எப்படி நடப்பானோ அப்படி. அவளுக்குப் பின்னால் நின்றார். இடதுகையை விரித்தார். எப்போதும் தன் நெஞ்சில் வைக்கிற அந்தக் கையை, அவளுடைய முதுகில், இரண்டு தோள்பட்டைகளுக்கும் நடுவில் வைத்தார்.

நியேவெஸ் இதை எதிர்பார்க்கவில்லை. அவள் குரல் ஒரு கணம் தடுக்கியது. பிறகு வேறு குரலில், பிரதியில் இருந்த அதே சொற்களை, நாங்கள் ஒத்திகையில் கேட்டிராத மாதிரி சொன்னாள். நின்றாள். அழுகையை விழுங்கினாள். அவர் காத்திருந்தார். அவள் மறுபடி பேசினாள், முடித்தாள். அவர் விரல்கள் மெல்லத் தளர்வதைப் பார்த்தேன். பிறகு சொன்னார், அவளுடைய கூந்தலைப் பார்த்து, நெஞ்சிலிருந்து கையை எடுத்துவிட்டதால் அவராலேயே அளக்க முடியாத ஒரு தாழ்ந்த குரலில்:

"சரிம்மா. கதவத் தாழ் போடமாட்டேன்."

வாக்கியத்துக்கு வாக்கியம் அப்படியே. ஒருமுறையும் முந்தவில்லை, பிந்தவில்லை. ஆரஞ்சுத் தோல் கடைசியில் அறுந்து தரையில் விழுந்தது. அதையும் அந்த மைக் கேட்டது.

குருசெத் நிறுத்தச் சொல்ல மறந்துவிட்டார். ஒலிப்பதிவாளர்தான் கூண்டிலிருந்து வெளியே வந்தார். கருவியைக் கழற்றிக் கையில் பிடித்தபடி நின்றார்.

நியேவெஸ் கண்ணைத் துடைத்தபடி வெளியே வந்தபோது கதவருகே என்னைக் கண்டாள். "அந்தக் கை இருக்கே, பல்பினா அக்கா," என்றாள், "அது என்னைத் தொட்ட மாதிரியே இல்ல. நான் சொல்றத உக்காந்து கேட்டுட்டு இருந்த மாதிரி இருந்துச்சு."

"அவர் அப்படித்தான் பொண்ணே," என்றேன்.

ததேயோ மட்டும் அவரிடம் போனான். முகத்துக்கு நேரே, விளக்கு தன்மேல் விழ, போய் நின்றான். அப்படி நின்றதை நான் கவனித்தேன். எத்தனை நாளாகத் தெரியும் அவனுக்கு என்று இன்றுவரை நான் கேட்டதில்லை. "மோர்சியாவுக்குத் தடை போட்டது யாரு நோட்டரி?" என்றான்.

"கழுதைய வித்தவன் பேசக்கூடாது," என்றார் அவர்.

*

அந்த வருடம் வசந்தத்தில் படம் மத்ரித்தில் வந்தது. முதல் வாரம் அவர் வரமாட்டேன் என்றார். "என்னத்தப் பாக்க? எனக்கு அதுவும் ஊமைப்படம்தான்." இரண்டாம் வாரம், ஒரு வியாழக்கிழமை மதியம், நானே போய்ச் சவரம் செய்துகொள்ள வைத்து, கழுத்துப்பட்டை மாட்டி அழைத்துவந்தேன். நடுவரிசையில் உட்கார்ந்தோம். ஒன்றோடொன்று பூட்டிய பழைய மர நாற்காலிகள். படம் ஓடிய முதல் பாதி முழுவதும் அவர் திரையைவிட மக்களைத்தான் பார்த்தார், யார் மூக்கை உறிஞ்சுகிறார்கள், யார் விசிறியை நிறுத்துகிறார்கள் என்று.

சன்னல் காட்சி வந்தது. அவர் முன்னால் சாய்ந்தார். பிடிப்புக்காகத்தான், முன்னிருக்கையின் முதுகில் இடதுகையை விரித்து வைத்தார். அங்கே உட்கார்ந்திருந்த பருத்த பெண்மணி விசிறியோடு திரும்பினாள்.

"கைய எடுங்க பெரியவரே."

"மன்னிக்கணும் அம்மா. நாற்காலியிலதான் வெச்சிருக்கேன்."

அவள் ஏதோ முனகிக்கொண்டு திரும்பிக்கொண்டாள். அவர் கையை எடுக்கவில்லை. திரையில் அவர் வாய் திறந்தார். அரங்கின் ஒலிபெருக்கிகள் பெரியவை. அந்தத் தாழ்ந்த குரல் தரை வழியாக, இருக்கைக் கால்கள் வழியாக வந்தது, என் முழங்காலிலேயே தெரிந்தது. அவர் தலை சட்டென்று நிமிர்ந்தது. கையைப் பார்த்தார், திரையைப் பார்த்தார், திரையில் அசைந்த உதடுகளைப் பார்த்தார்.

"பல்பினா," என்றார், இருட்டில் எவ்வளவு சத்தமாகப் பேசுகிறோம் என்று தெரியாமல், "இது நானா?"

நான் தலையசைத்தேன். முன்னால் இருந்த பெண்மணி மறுபடி திரும்பினாள், அதட்டுவதற்காக. அந்தக் கையைப் பார்த்தாள். பிறகு திரையில், மகளின் முதுகில் விரிந்திருந்த கையைப் பார்த்தாள். விசிறியை மடக்கி மடியில் வைத்தாள்.

திரையில் கதவு சாத்தப்பட்டதும் எங்கோ பின்வரிசையில் ஒருவர் கைதட்டினார். நாடகத்தில் தட்டுவதுபோல. பிறகு மாடியில். பிறகு எல்லோரும். நான் பழக்கத்தில் என் வலதுகையை உயர்த்தி, முழு உள்ளங்கையையும் அவருக்குக் காட்டினேன்.

அவர் என் பக்கம் திரும்பவே இல்லை. ஐந்து விரல்களும் விரிந்து, கைதட்டலில் அதிர்ந்த அந்த மரத்தில் படிந்திருந்தன. முன்னால் இருந்த பெண்மணி மெதுவாக, எதையோ கலைத்துவிடுவோமோ என்பதுபோல, அந்தக் கையின்மேல் சாய்ந்து உட்கார்ந்தாள்.